சிரிக்க வைக்க ஒரு நகரத்தையே கட்டியவர்: யார் இந்த ஜாக் டாட்டி?

ரயில் நிலையத்தில் நிற்கிறீர்கள். ஒலிபெருக்கியில் ஓர் அறிவிப்பு வருகிறது. கரகரவென்று ஏதோ சத்தம், ஒரு சொல்கூடப் புரியவில்லை. பக்கத்தில் நின்றவர் பெட்டியைத் தூக்கிக்கொண்டு எதிர்த் தளமேடைக்கு ஓடுகிறார். எதற்கும் இருக்கட்டும் என்று நீங்களும் ஓடுகிறீர்கள். அங்கே போய்ச் சேர்ந்ததும் மறுபடியும் அதே கரகரப்பு. இப்போது எல்லாரும் இன்னொரு மேடைக்கு ஓட்டம். ரயில் வருகிறது, ஆனால் நீங்கள் இப்போதுதான் விட்டு வந்த மேடைக்கு.

நம் ஊர் நிலையத்தில் நேற்று நடந்தது போல இருக்கிறதா? இது 1953ஆம் ஆண்டில் வந்த ஒரு பிரெஞ்சுப் படத்தின் தொடக்கம். படத்தின் பெயர் ‘ஹூலோவின் விடுமுறை’. எழுதி, இயக்கி, நடித்தவர் ஜாக் டாட்டி.

பெயர் கேள்விப்படாதவராக இருக்கலாம். ஆனால் அவருடைய வாரிசை உங்களுக்கு நன்றாகவே தெரியும். மிஸ்டர் பீன்! அதிகம் பேசாத, எங்கே போனாலும் எதையாவது கவிழ்த்துவிடுகிற அந்த ஆளுக்கு டாட்டியின் ஹூலோ ஒரு முன்னோடி என்று ரோவன் அட்கின்சனே பலமுறை சொல்லியிருக்கிறார். 2007ல் வந்த ‘மிஸ்டர் பீன்ஸ் ஹாலிடே’ படத்தின் தலைப்பு எதை ஞாபகப்படுத்துகிறது என்று இப்போது புரிந்திருக்கும்.

டாட்டி எடுத்த முழுநீளப் படங்கள் மொத்தம் ஆறு. 1949 முதல் 1974 வரை 25 ஆண்டுகளில் ஆறே ஆறு. அவற்றில் ஒன்று ஆஸ்கர் வாங்கியது. இன்னொன்று அவருடைய வீட்டையும் நிறுவனத்தையும் வாங்கிக்கொண்டது. தன் சொந்தக் காசில், தன் இஷ்டப்படி நகைச்சுவைப் படம் எடுப்பது என்றால் என்ன, அதற்கு என்ன விலை என்று தெரிந்துகொள்ள இவர் கதையைவிட நல்ல எடுத்துக்காட்டு கிடைப்பது கடினம்.

படச்சட்டக் கடையிலிருந்து மேடைக்கு

முழுப்பெயர் ஜாக் டாட்டிஷெஃப். 1907 அக்டோபர் 9ஆம் தேதி பாரிசுக்கு அருகே உள்ள லு பெக் என்ற ஊரில் பிறந்தார். அப்பா வழியில் ரஷ்ய ரத்தம், அதனால்தான் அந்தக் குடும்பப் பெயர். குடும்பத் தொழில் ஓவியங்களுக்குச் சட்டம் போடுவது. பையனும் அதையே கற்றுக்கொள்ள வேண்டும் என்பது வீட்டின் விருப்பம். சட்டத்துக்குள் எதை எங்கே வைப்பது என்று பார்க்கும் கண் அவருக்கு அங்கிருந்தே வந்திருக்கலாம் என்று சினிமா எழுத்தாளர்கள் சொல்வதுண்டு. அழகான ஊகம். ஆனால் அவரை மேடைக்குக் கொண்டுபோனது சட்டம் இல்லை, ரக்பி.

ஆறடிக்கும் மேல் உயரம். பாரிசின் ரேசிங் கிளப் அணியில் ரக்பி ஆடினார். ஆட்டம் முடிந்த பிறகு நண்பர்கள் முன்னால் விளையாட்டு வீரர்களைப் போல நடித்துக் காட்டுவார். கோல் காவலர், குத்துச்சண்டை வீரர், டென்னிஸ் ஆட்டக்காரர் என்று ஒவ்வொருவராக. கையில் பந்தும் இல்லை, மட்டையும் இல்லை, உடம்பு மட்டும்தான். அதுவே 1930களில் மேடை நிகழ்ச்சி ஆனது. குதிரையையும் அதன் மேல் ஏறிப் போகிறவரையும் ஒரே நேரத்தில் ஒரே உடம்பில் காட்டுவது அவருடைய பேர்பெற்ற உருப்படி. எழுத்தாளர் கொலெட் அதைப் பார்த்துவிட்டு 1936ல் வியந்து எழுதினார்.

இந்தப் பின்னணி முக்கியம். டாட்டியின் படங்களில் வசனம் குறைவு என்பார்கள். அவருக்குப் பேசத் தெரியாமல் இல்லை. ஒருவர் எப்படி நடக்கிறார், எப்படி உட்காருகிறார், கதவை எப்படித் திறக்கிறார் என்பதிலேயே சிரிப்பு இருக்கிறது என்று அவருக்கு மேடையிலேயே தெரிந்துவிட்டது. அவ்வளவுதான்.

தபால்காரரும் காணாமல் போன வண்ணமும்

போர்க்காலத்தில் பிரான்சின் நடுப்பகுதியில் செந்த் செவேர் என்ற சின்னக் கிராமத்தில் அவர் தங்கியிருந்தார். போர் முடிந்ததும், 1947ல், படம் எடுக்க அதே கிராமத்துக்குத் திரும்பிப் போனார். கிராமத்து மக்களையே நடிக்க வைத்தார். ‘திருவிழா நாள்’ என்று பொருள்படும் ‘ஜூர் து ஃபெத்’ அப்படித்தான் உருவானது.

கதை இதுதான். ஊருக்குத் திருவிழா வருகிறது. கூடவே ஒரு கூடாரத் திரையரங்கு. அதில் அமெரிக்கத் தபால்துறை எவ்வளவு வேகம் என்று ஒரு செய்திப்படம் காட்டுகிறார்கள். தபால்காரர் பிரான்சுவாவுக்கு ரோஷம் வந்துவிடுகிறது. தானும் அமெரிக்க பாணியில் கடிதம் கொடுப்பேன் என்று சைக்கிளில் பறக்கிறார். ஓடும் லாரியின் பின்பலகையைப் பிடித்துக்கொண்டு, அதையே மேசையாக்கி, சைக்கிளில் உட்கார்ந்தபடியே முத்திரை குத்துகிறார்! பார்க்க வெறும் கூத்து. ஆனால் ‘வேகமாகச் செய்தால்தான் வேலை’ என்ற எண்ணம் ஒரு மனிதனை என்ன பாடு படுத்துகிறது என்பதுதான் உள்ளே ஓடுவது. இன்று மோட்டார் சைக்கிளில் உணவு கொண்டுவருபவர் கைபேசியைப் பார்த்துக்கொண்டே பறப்பதைப் பார்க்கும்போது பிரான்சுவா ஞாபகம் வராமல் இருக்காது.

இந்தப் படத்துக்கு ஒரு சோகமான பின்கதை உண்டு. இதை வண்ணப் படமாக எடுக்கத்தான் டாட்டி திட்டமிட்டார். தாம்சன் கலர் என்ற புதிய பிரெஞ்சுத் தொழில்நுட்பம். கிராமத்தில் வீட்டுக் கதவுகளுக்கெல்லாம் சாம்பல் நிறம் பூச வைத்தார். ஊர் மங்கலாக இருக்க வேண்டும், திருவிழா வண்டிகள் வரும்போதுதான் கூடவே வண்ணமும் வர வேண்டும் என்பது யோசனை. எல்லாம் சரி. படமும் எடுத்தாயிற்று. ஆனால் அந்தப் படச்சுருளிலிருந்து வண்ணப் பிரதி எடுக்க அந்த நிறுவனத்தால் முடியவே இல்லை!

நல்லவேளை, பாதுகாப்புக்காகப் பக்கத்திலேயே இன்னொரு கேமராவில் கறுப்பு வெள்ளையிலும் எடுத்து வைத்திருந்தார்கள். 1949ல் அதுவே வெளியாகி வெற்றி பெற்றது. வண்ணச் சுருள்கள் அப்படியே கிடந்தன. டாட்டி இறந்து பல ஆண்டுகள் கழித்து, படத்தொகுப்பாளரான அவருடைய மகள் சோஃபி முயற்சி எடுத்து வண்ணத்தை மீட்டார். 1995ல்தான் மக்கள் அந்தப் படத்தை டாட்டி நினைத்தபடி பார்த்தார்கள்.

ஹூலோ வந்தார்

அடுத்த படத்தில் பிறந்தவர்தான் திரு. ஹூலோ. மழைக்கோட்டு, தொப்பி, வாயில் நீளக் குழாய், கணுக்காலுக்கு மேல் நிற்கும் கால்சட்டை, எதிர்க்காற்றில் நடப்பவர் போல முன்னால் சாய்ந்த நடை. ரொம்ப நல்லவர். யாருக்கும் கெடுதல் நினைக்காதவர். ஆனால் அவர் போன இடத்தில் ஒழுங்கு மட்டும் தங்காது.

‘ஹூலோவின் விடுமுறை’ படம் செந்த் மார்க் சுர் மேர் என்ற கடற்கரை ஊரில் எடுக்கப்பட்டது. கதை என்று பெரிதாக ஒன்றும் இல்லை. விடுமுறைக்கு ஒரு விடுதியில் தங்குகிறார்கள், சாப்பிடுகிறார்கள், டென்னிஸ் ஆடுகிறார்கள், வீடு திரும்புகிறார்கள். ஆனால் ஒரு காட்சி சொல்கிறேன், கேளுங்கள். ஹூலோவின் ஓட்டை கார் ஒரு கல்லறைத் தோட்டத்துக்குள் போய் நிற்கிறது. சக்கரத்தின் உள் டியூபை எடுத்துத் தரையில் போடுகிறார். ஈரமான அந்த டியூபில் உதிர்ந்த இலைகள் ஒட்டிக்கொள்கின்றன. அதை மலர்வளையம் என்று நினைத்து ஒருவர் மரியாதையாக வாங்கிக்கொண்டு போகிறார். அப்புறம் அந்த ‘மலர்வளையத்திலிருந்து’ மெதுவாகக் காற்று இறங்குகிறது...

இங்கே ஹூலோ வேடிக்கையாக எதுவுமே செய்யவில்லை என்பதைக் கவனியுங்கள். டியூபும் இலையும் மனிதர்களின் சம்பிரதாயமும் சேர்ந்து தாமாகவே ஒரு நகைச்சுவையை உண்டாக்குகின்றன. இதுதான் டாட்டிக்கும் மற்ற நகைச்சுவை நடிகர்களுக்கும் உள்ள வித்தியாசம். பெரும்பாலான நட்சத்திரங்கள் சிரிப்பைத் தங்கள் பக்கம் இழுப்பார்கள். இவர் ஒதுங்கி நின்று, “அதோ, அங்கே பாருங்கள்” என்பார்.

ஒலியும் அப்படித்தான். காட்சியைப் படம் பிடிக்கும்போது பதிவான சத்தத்தை அவர் நம்புவதில்லை. எல்லாவற்றையும் பிறகு ஒவ்வொன்றாகச் சேர்ப்பார். விடுதியின் உணவறைக் கதவு ஒவ்வொரு முறை ஆடும்போதும் வரும் அந்த ஒரே ‘டொய்ங்’ சத்தத்தைப் படம் முடிந்த பிறகும் மறக்க முடியாது. மனிதர் பேச்சு மட்டும் தூரத்து முணுமுணுப்பாகவே இருக்கும். அதனால் வசன வரிகள் இல்லாமலேயே படம் புரியும்.

எடுத்து முடித்த படத்தை அப்படியே விடும் பழக்கமும் அவருக்கு இல்லை. இந்தப் படத்தில் ஹூலோவின் சிறு படகு நடுவில் மடங்கி, பார்ப்பதற்குச் சுறாவின் வாய் மாதிரி ஆகிவிடும். ‘ஜாஸ்’ படம் உலகத்தையே கலக்கிய பிறகு, 1978ல், அதே கடற்கரைக்குத் திரும்பிப் போய் அந்தக் காட்சிக்குப் புதிய துண்டுகள் எடுத்துச் சேர்த்தார். படம் வெளியாகி 25 ஆண்டுகள் கழித்து! இன்று நாம் பார்க்கும் பிரதியில் அந்தச் சுறா இருக்கிறது.

மாமா யார், தாய்மாமனா?

1958ல் வந்தது ‘மோன் ஓங்க்ல்’. அதாவது ‘என் மாமா’. பிரெஞ்சிலும் ஆங்கிலத்திலும் மாமா, சித்தப்பா, பெரியப்பா எல்லாருக்கும் ஒரே சொல்தான். தமிழ்தான் இங்கே தெளிவாக இருக்கிறது. படத்தில் வரும் சிறுவன் ஜெரார்டின் அம்மா ஹூலோவின் கூடப்பிறந்தவர். ஆக ஹூலோ தாய்மாமன். அக்கா மகனுக்குத் தாய்மாமன் எவ்வளவு செல்லம் கொடுப்பார் என்று நமக்குச் சொல்லவா வேண்டும்? படம் முழுக்க அதுதான்.

அக்கா வீடு அதிநவீனமானது. எல்லாம் பொத்தான், எல்லாம் பளபளப்பு. தோட்டத்தில் ஓர் உலோக மீன் நிற்கும். வாசலில் மணி அடித்ததும் அம்மா ஓடிப்போய் அதன் வாயிலிருந்து தண்ணீர் பீய்ச்ச விடுவார். வந்திருப்பது பெரிய மனிதர் இல்லை, தம்பிதான் என்று தெரிந்தால் உடனே தண்ணீர் நிறுத்தப்படும்! விருந்தாளிக்கு மட்டும் கண்ணாடிக் கோப்பையை அலமாரியிலிருந்து இறக்குகிற வீடு உங்கள் சொந்தத்தில் எத்தனை என்று எண்ணிப் பாருங்கள்.

ஹூலோவோ பழைய பேட்டையில், ஏணியும் படியுமாகச் சுற்றிச் சுற்றி ஏற வேண்டிய ஒரு பழங்கட்டடத்தின் உச்சியில் இருக்கிறார். மருமகனுக்குப் பிடித்தது எந்த வீடு என்று சொல்லத் தேவையில்லை. பழையது நல்லது, புதியது கெட்டது என்று டாட்டி சொல்கிறார் என்றே பலர் இந்தப் படத்தைப் புரிந்துகொண்டார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. அந்த நவீன வீட்டை அவர் படம்பிடித்திருக்கும் அழகைப் பார்த்தால், அதை வெறுக்கிறவர் எடுத்த படமாகத் தெரியவில்லை. வீட்டின் மேல் அவருக்குக் கோபம் இல்லை. வீட்டுக்கு ஏற்றபடி தங்களை மடக்கிக்கொள்ளும் மனிதர்கள்தான் அவருக்கு வேடிக்கை.

இருமொழி வாசகர்களுக்கு இன்னொரு தகவல். இந்தப் படத்தை டாட்டி ஒரே நேரத்தில் இரண்டு தடவை எடுத்தார். பிரெஞ்சில் ஒன்று, ஆங்கிலத்தில் ஒன்று. காட்சியில் தெரியும் பெயர்ப்பலகைகள்கூட மாற்றப்பட்டன. வெறும் குரல்மாற்று வேலை இல்லை, தனியான படப்பிடிப்பு.

கான் திரைப்பட விழாவில் சிறப்பு நடுவர் விருது. 1959ல் சிறந்த வெளிநாட்டு மொழிப் படத்துக்கான ஆஸ்கர். விருது வாங்க அமெரிக்கா போனவர் அங்கே யாரைப் பார்க்க ஆசைப்பட்டார் தெரியுமா? அப்போதைய நட்சத்திரங்களை இல்லை. மௌனப்படக் காலத்துப் பெரியவர்களான மேக் சென்னட்டையும் பஸ்டர் கீட்டனையும். கீட்டனின் கதை டாட்டிக்குத் தெரியாமல் இருந்திருக்காது. சொந்தமாகப் படம் எடுத்துக்கொண்டிருந்தவர், 1928ல் எம்ஜிஎம் என்ற பெரிய நிறுவனத்தின் சம்பளத்துக்குப் போனார். அதோடு படங்களின் மேல் அவருக்கு இருந்த பிடி போய்விட்டது.

டாட்டி எதிர்த்திசையில் போனார். முதல் இரண்டு படங்களை எடுத்த தயாரிப்பாளருடன் கூட்டு முறிந்த பிறகு, 1956ல் ஸ்பெக்டா ஃபிலிம்ஸ் என்ற சொந்த நிறுவனத்தைத் தொடங்கியிருந்தார். ஹூலோவை வைத்து அமெரிக்கத் தொலைக்காட்சிக்குச் சின்னச் சின்னப் படங்களாக எடுக்கலாம் என்று வந்த அழைப்பையும் மறுத்துவிட்டார். ஒத்துக்கொண்டிருந்தால் வாழ்நாள் முழுக்கக் கவலையில்லாமல் இருந்திருக்கலாம். அவருக்கு வேண்டியது வேறு.

டாட்டிவில்: வாடகைக்குக் கிடைக்காத நகரம்

அடுத்த படத்துக்குக் கண்ணாடியும் இரும்பும் நிறைந்த நவீனப் பாரிஸ் தேவைப்பட்டது. விமான நிலையம், அலுவலகம், கடைத்தொகுதி, உணவகம். உண்மையான இடங்களில் படம் எடுக்கலாம் என்றால் எந்த விமான நிலையத்தை மாதக் கணக்கில் மூடி வைப்பார்கள்? சரி, நாமே கட்டிவிடுவோம் என்று முடிவு செய்தார்.

1964ல் பாரிசின் கிழக்கு ஓரத்தில் கட்டுமானம் தொடங்கியது. ஏறக்குறைய 15,000 சதுர மீட்டர். இரண்டு காற்பந்துத் திடல்களைச் சேர்த்தாலும் அதைவிடக் கொஞ்சம் பெரியது. சாலை, போக்குவரத்து விளக்கு, வெப்பமூட்டும் வசதி, தனி மின்சார நிலையம் எல்லாம் உண்டு. சில கட்டடங்களுக்கு அடியில் தண்டவாளம் போட்டிருந்தார்கள். காட்சிக்குத் தகுந்தபடி கட்டடத்தையே நகர்த்தலாம்! தூரத்தில் நிற்கும் மனிதர்களில் சிலர் அட்டையில் ஒட்டிய புகைப்படங்கள். பத்திரிகைகள் அந்த இடத்துக்கு ‘டாட்டிவில்’ என்று பெயர் வைத்தன. டாட்டி நகரம்.

படத்தின் பெயர் ‘பிளேடைம்’. பிரெஞ்சுப் படத்துக்கு ஆங்கிலப் பெயர், அதுவும் வேண்டுமென்றே. அந்தக் காலத்துப் பாரிஸ்காரர்கள் பேச்சில் ஆங்கிலத்தைக் கலந்துகட்டி அடிப்பதை ‘ஃபிராங்லே’ என்று கிண்டல் செய்வார்கள். நம் தங்லிஷின் அண்ணன்.

அமெரிக்கச் சுற்றுலாப் பயணிகள் ஒரு கூட்டமாகப் பாரிசுக்கு வருகிறார்கள். அவர்களுக்கு ஐஃபல் கோபுரம் தெரிவது ஒரே ஒரு தடவை, கண்ணாடிக் கதவில் பிரதிபலிப்பாக. பயண நிறுவனத்தின் சுவரொட்டிகளில் ஒவ்வொரு நாட்டுக்கும் ஒரே மாதிரி கட்டடத்தின் படம். எந்த நாட்டுக்குப் போனாலும் இதே பெட்டிதான்! இது 1967. ஒரே கடைகள் உள்ள கடைத்தொகுதிகளில் சுற்றி வளர்ந்த நமக்கு இந்தக் கிண்டல் இன்னும் நன்றாகவே உறைக்கும்.

அப்புறம் அந்த உணவகக் காட்சி. படத்தின் பெரிய பகுதியை அது எடுத்துக்கொள்கிறது. ராயல் கார்டன் என்ற புத்தம்புது உணவகத்துக்கு அன்று திறப்பு விழா, ஆனால் வேலை இன்னும் முடியவில்லை. தரையின் ஓடு பரிமாறுபவரின் காலணியில் ஒட்டிக்கொண்டு வருகிறது. நாற்காலி முதுகில் உள்ள கிரீடச் சின்னம் உட்கார்ந்தவர்களின் முதுகில் அச்சாகப் பதிகிறது. ஒரே மீனுக்கு வந்தவர் போனவர் எல்லாரும் மசாலா தூவிவிட்டுப் போகிறார்கள், ஆனால் யாரும் பரிமாறவில்லை. வாசலின் கண்ணாடிக் கதவு உடைந்து தூள்தூளாகிறது. காவலாளி அசரவில்லை. கைப்பிடியை மட்டும் காற்றில் பிடித்துக்கொண்டு, இல்லாத கதவைத் திறந்து மூடி விருந்தாளிகளை வரவேற்கிறார்! அவர்களும் மரியாதையாக உள்ளே போகிறார்கள். மெல்ல மெல்ல உணவகம் உடைய உடைய, விறைப்பாக வந்த மனிதர்கள் சிரிக்கவும் ஆடவும் ஆரம்பிக்கிறார்கள்.

இதையெல்லாம் 70 மில்லிமீட்டர் படச்சுருளில், பெரிய திரைக்காக எடுத்தார். நெருக்கக் காட்சிகளே இல்லை எனலாம். ஒரே சட்டத்தில் ஐந்தாறு வேடிக்கைகள் ஒரே சமயத்தில் நடக்கும். எதைப் பார்ப்பது என்று யாரும் உங்களுக்குச் சொல்ல மாட்டார்கள். ஹூலோவும் இந்தப் படத்தில் கூட்டத்தில் ஒருவர்தான். போதாக்குறைக்கு ஹூலோ போலவே மழைக்கோட்டு போட்ட ஆட்கள் அங்கங்கே வந்து நம்மை ஏமாற்றுகிறார்கள். கதாநாயகன் என்று யாரும் வேண்டாம், எல்லாரும் வேடிக்கையானவர்களே என்பது டாட்டியின் கொள்கை.

பணம் எங்கே போனது?

கொள்கை நல்லதுதான். ஆனால் ரசிகர்கள் நுழைவுச்சீட்டு வாங்கியது ஹூலோவைப் பார்க்க.

படப்பிடிப்பு ஆண்டுக்கணக்கில் இழுத்தது. வானிலை கெட்டது, பணம் தீர்ந்தது, வேலை நின்றது, மறுபடி கடன், மறுபடி படப்பிடிப்பு. 1967 டிசம்பரில்தான் படம் வெளியானது. 70 மில்லிமீட்டரும் ஸ்டீரியோ ஒலியும் உள்ள திரையரங்குகளில்தான் ஓட வேண்டும் என்று டாட்டி பிடிவாதம் பிடித்தார். அப்படிப்பட்ட அரங்குகள் எத்தனை இருக்கும்? இரண்டரை மணி நேரப் படத்தை அவரே வெட்டிச் சுருக்கினார். அப்போதும் கூட்டம் வரவில்லை. அமெரிக்காவில் வெளியாகவே 1973 ஆனது.

இங்கேதான் ‘சுயேச்சை’ என்ற சொல்லின் உண்மையான அர்த்தம் தெரிகிறது. பெரிய நிறுவனத்தின் படம் தோற்றால் நஷ்டம் நிறுவனத்துக்கு. இயக்குநருக்கு அடுத்த வாய்ப்பு கிடைக்காமல் போகலாம், ஆனால் வீடு இருக்கும். சொந்தமாக எடுப்பவர் கடனுக்கு எதையாவது ஈடாக வைக்க வேண்டும். டாட்டியிடம் இருந்தவை இரண்டுதான். ஒன்று வீடு. இன்னொன்று அவர் எடுத்து முடித்த பழைய படங்களின் உரிமை. இரண்டும் போயின.

செந்த் ஜெர்மெய்னில் இருந்த வீட்டைவிட்டுக் குடும்பம் வெளியேறியது. ஸ்பெக்டா ஃபிலிம்ஸ் 1974ல் கலைக்கப்பட்டு, அதன் படங்களின் உரிமைகள் ஏலத்துக்கு வந்தன. எல்லாம் சேர்த்துப் போன விலை 120,000 ஃபிராங்கை ஒட்டித்தான். ஆஸ்கர் வாங்கிய படமும் அந்தக் கட்டுக்குள் சேர்த்தி. தபால்காரர் பிரான்சுவா, கடற்கரை ஹூலோ, தாய்மாமன் ஹூலோ எல்லாருக்கும் இப்போது வேறு முதலாளி. சில ஆண்டுகள் அந்தப் படங்களைத் திரையில் பார்க்கவே வழியில்லை.

டாட்டி நகரம்? படப்பிடிப்புக்குப் பிறகு அதை இளம் இயக்குநர்களுக்கான பயிற்சிக்கூடமாக விட்டுவைக்க வேண்டும் என்று அவர் ஆசைப்பட்டார். இடித்துத் தள்ளிவிட்டார்கள்.

ஊதாரித்தனம் என்று சொல்லிவிட்டுப் போய்விடலாம். கணக்குப் பார்த்து எடுத்திருந்தால் இன்னும் நான்கு படம் நமக்குக் கிடைத்திருக்கும் என்பதும் நியாயமான வாதம். அதே சமயம், கணக்குப் பார்த்திருந்தால் ‘பிளேடைம்’ கிடைத்திருக்காது. ‘சைட் அண்ட் சவுண்ட்’ இதழ் 2022ல் உலகெங்கும் உள்ள விமர்சகர்களைக் கேட்டுத் தொகுத்த எல்லாக் காலத்துக்குமான சிறந்த படங்களின் பட்டியலில் அதற்கு 23ஆம் இடம். அதைத் தூக்கி நிறுத்திய விமர்சகர்களில் பெரும்பாலோர் படம் வெளியானபோது பிறந்தே இருக்க மாட்டார்கள்.

அதற்குப் பிறகு

மனிதர் ஓயவில்லை. 1971ல் ‘டிராஃபிக்’. ஹூலோ இப்போது கார் வடிவமைப்பாளர். பாரிசிலிருந்து ஆம்ஸ்டர்டாம் கண்காட்சிக்கு ஒரு முகாம் வண்டியைக் கொண்டுபோக வேண்டும், வழியெல்லாம் தடங்கல். போக்குவரத்து நெரிசலில் யாரும் பார்க்கவில்லை என்று நினைத்து மூக்கைக் குடையும் ஓட்டுநர்கள் வரிசையாக வருவார்கள். தீவு விரைவுச்சாலையில் மாலை ஆறு மணிக்கு இருபுறமும் திரும்பிப் பார்த்தால் அதே காட்சி இலவசம். 1974ல் சுவீடன் தொலைக்காட்சிக்காக ‘பரேட்’ என்ற சர்க்கஸ் படம். அதில் வயதான டாட்டி தன் பழைய விளையாட்டு மேடை உருப்படிகளை மறுபடி செய்து காட்டுகிறார். குதிரையும் உண்டு.

தொலைக்காட்சி யுகத்தைப் பற்றி ‘கன்ஃப்யூஷன்’ என்ற படம் எடுக்கவும் திட்டம் இருந்தது. ஸ்பார்க்ஸ் என்ற அமெரிக்க இசைக்குழுச் சகோதரர்களை நடிக்க வைப்பதாகப் பேச்சு. நடக்கவில்லை. 1977ல் பிரெஞ்சுத் திரையுலகம் அவருக்குக் கௌரவ செசார் விருது கொடுத்தது. 1982 நவம்பர் 4ஆம் தேதி, 75ஆவது வயதில் காலமானார்.

அவர் எழுதி வைத்து எடுக்காமல் போன ஒரு கதையை சில்வான் ஷொமே 2010ல் ‘தி இல்யூஷனிஸ்ட்’ என்ற உயிரோவியப் படமாக எடுத்தார். வயதான ஒரு மந்திரவாதி, அவரை அப்பாவாக நினைக்கும் ஒரு பெண். அந்தக் கதை உண்மையில் யாரை நினைத்து எழுதப்பட்டது என்று அப்போது சர்ச்சை கிளம்பியது. போர்க்காலத்தில் டாட்டிக்குப் பிறந்து, அவர் ஏற்றுக்கொள்ளாமல் விட்ட மூத்த மகள் ஒருவர் உண்டு. அந்தப் பெண்ணை நினைத்துத்தான் எழுதினார் என்று அந்தக் கிளைக் குடும்பத்தினர் பகிரங்கமாகச் சொன்னார்கள். திரையில் அத்தனை மென்மையாகத் தெரிந்தவர் வீட்டில் அப்படி இருக்கவில்லை என்பதையும் தெரிந்துகொண்டே அந்தப் படத்தைப் பார்ப்பது நல்லது.

படங்களின் உரிமையை மீட்டது மகள் சோஃபியும் உறவினர்களும் தொடங்கிய லே ஃபிலிம்ஸ் து மோன் ஓங்க்ல் நிறுவனம். 2002ல் புதுப்பிக்கப்பட்ட ‘பிளேடைம்’ கான் விழாவில் 70 மில்லிமீட்டரிலேயே திரையிடப்பட்டது. சோஃபி அதைப் பார்க்க இல்லை. அதற்கு முந்தைய ஆண்டே இறந்துவிட்டார்.

2009ல் நடந்த ஒன்றைச் சொல்லாமல் விட முடியாது. பாரிசில் டாட்டி பற்றி ஒரு கண்காட்சி. விளம்பரத்தில் ஹூலோ வழக்கம்போல வாயில் குழாயோடு இருந்தார். புகையிலை விளம்பரத்துக்கு எதிரான சட்டம் இருக்கிறதே என்று சுரங்க ரயில் நிலையங்களின் சுவரொட்டியில் குழாயை எடுத்துவிட்டு, அந்த இடத்தில் மஞ்சள் நிறக் காற்றாடி ஒன்றை ஒட்டினார்கள். கத்தரிக்கோலோடு ஓர் அதிகாரி ஹூலோவின் வாயருகே வரும் காட்சியை டாட்டியே எழுதியிருந்தாலும் நம்பியிருக்க மாட்டோம்.

எதிலிருந்து தொடங்கலாம்?

‘ஹூலோவின் விடுமுறை’யிலிருந்து. ஒன்றரை மணி நேரம்தான், வீட்டில் பெரியவர்கள் சின்னவர்கள் எல்லாரோடும் உட்கார்ந்து பார்க்கலாம். தாத்தா பாட்டிக்கு மொழிபெயர்க்க வேண்டிய வேலையும் இல்லை. முதல் பத்து நிமிடம் ‘என்ன இது, ஒன்றுமே நடக்கவில்லையே’ என்று தோன்றும், கொஞ்சம் பொறுங்கள். பிறகு ‘மோன் ஓங்க்ல்’.

‘பிளேடைம்’ மட்டும் கைபேசியில் வேண்டாம். அந்தத் திரையில் மனிதர்கள் எறும்பாகிவிடுவார்கள், வேடிக்கையில் பாதி போய்விடும். நம் வட்டாரத் திரைப்பட விழாக்களிலோ திரைப்பட மன்றங்களிலோ எப்போதாவது திரையிட்டால் நுழைவுச்சீட்டு எடுத்துவிடுங்கள், நடு வரிசையில். அது கிடைக்கவில்லை என்றால் வீட்டில் உள்ள பெரிய தொலைக்காட்சி போதும். இரண்டாம் முறை பார்க்கும்போது உணவகக் காட்சியில் உங்கள் கண்ணை இடது ஓரத்தில் மட்டும் வைத்திருந்து பாருங்கள். முதல் முறை பார்த்த படம் அங்கே இருக்காது.